ஜாடியில் வெள்ளரிப் பிஞ்சு: கேட்டதும் சொன்னதும்

வினிகர் ஊற்றாமல், உப்புத் தண்ணீரிலேயே சதகுப்பையோடு வெள்ளரிப் பிஞ்சைப் புளிக்கவைப்பது கிழக்கு ஐரோப்பியர் வழக்கம். மாவடு போட்டுப் பழகிய கைக்கு இது சிரமமே இல்லை. தென்னாப்பிரிக்காவில் டர்பன் பக்கத்துச் சமையற்காரர்கள் கேட்டவற்றுக்கு என் பதில்கள் இவை.

அக்கா, உப்பு எவ்வளவு? எங்கள் ஆயா கைக்கணக்கில்தான் போடுவார். (சாட்ஸ்வர்த்)

ஆயாவின் கை உங்களிடம் இல்லையே! ஒரு லிட்டர் தண்ணீருக்கு 50 கிராம், தராசில் நிறுத்துப் போடுங்கள். கல்லுப்பும் பொடியுப்பும் கரண்டியில் ஒரே அளவு நிற்காது. அயோடின் சேர்க்காத உப்பு நல்லது. குழாய்த் தண்ணீரைக் கொதிக்கவைத்து ஆறவிட்டால் குளோரின் போய்விடும்.

ஜனவரியில் போட்டேன். எல்லாம் கொழகொழவென்று ஆகிவிட்டது. (பீனிக்ஸ்)

இரண்டு காரணம் இருக்கலாம். முதலாவது பூ இருந்த முனை. காம்புக்கு எதிர்ப்புறம் இரண்டு மூன்று மில்லிமீட்டர் சீவி எறியாவிட்டால், அங்குள்ள நொதி காயையே இளக்கிவிடும். நானும் ஒருமுறை அவசரத்தில் காம்புப் பக்கத்தைச் சீவிவிட்டு, பத்து நாள் கழித்து ஜாடியோடு குப்பைக்குக் கொண்டுபோனேன்.

இரண்டாவது வெயில். இதற்கு 18 முதல் 22 டிகிரி வரைதான் சுகம். ஜனவரியில் வரும் நம் கடற்கரைக் கோடையோ 28-ஐத் தொடும். அடுப்படியில் வைக்காதீர்கள், வீட்டிலேயே குளிர்ந்த மூலையைத் தேடுங்கள். ஐந்தாம் நாளே ஒன்றை எடுத்துக் கடித்துப் பாருங்கள். குளிர்காலத்தில் மூன்று நான்கு வாரம் பிடிக்கும். கொல்லையில் திராட்சைக் கொடி இருந்தால் நாலு இலையை அடியில் போடுங்கள். அதன் துவர்ப்பு மொறுமொறுப்பைக் காக்கும்.

மேலே வெள்ளையாக ஆடை படிகிறது. கொட்டிவிடவா?

மெல்லிய வெள்ளை ஆடை என்றால் வழித்தெடுத்தால் போதும். பஞ்சு போல முளைத்திருந்தால், பச்சை, கறுப்பு, இளஞ்சிவப்பு தெரிந்தால், நாற்றம் அடித்தால் தயங்காமல் கொட்டுங்கள். தண்ணீர் கலங்குவது நல்ல அறிகுறி.

தட்டை வைத்தாலும் காய் மிதக்கிறதே?

தட்டின் மேல் கனம் வேண்டும். இரும்பு வேண்டாம், துருப்பிடிக்கும். கெட்டியான உணவுப் பையில் அதே உப்புத் தண்ணீரை நிரப்பி வையுங்கள். பை கசிந்தாலும் உப்பு நீர்க்காது. பாட்டி காலத்துப் பீங்கான் ஜாடியின் மெருகில் ஈயம் இருக்கக்கூடும். அதை அலமாரியில் அழகுக்கு வையுங்கள்.

சதகுப்பைக்குப் பதில் சோம்பு?

போடலாம். அது வேறு ஊறுகாய்.

புரட்டாசிக்குத் தயாராக வேண்டும் அண்ணி, எப்போது போடட்டும்? (பீட்டர்மாரிட்ஸ்பர்க்)

ஆகஸ்ட் நடுவில் போடுங்கள். உங்கள் ஊர்க் குளிருக்கு அதுதான் கணக்கு. கடையில் நீளமாகத் தொங்கும் வெள்ளரி நீர்க்காய், அது ஆகாது. விரல் நீளப் பிஞ்சாகப் பொறுக்குங்கள். புளிப்பு பிடித்ததும் குளிர்பெட்டிக்கு மாற்றிவிடுங்கள். விரதத்தில் பூண்டு சேர்க்காத வீடு என்றால் அதை விட்டுவிடலாம், புளிப்பு குறையாது.