1920களின் ஜாஸ் யுகத்தில் அமெரிக்காவில் அப்படி என்னதான் மாறியது?

உங்கள் அலுவலகத்திலும் 'ஜாஸ் யுக இரவு' கொண்டாடப் போகிறார்கள், அதனால்தானே கேட்கிறீர்கள்? எங்கள் குடியிருப்பில் போன புத்தாண்டுக்கு அதைத்தான் செய்தார்கள். பெண்களுக்குத் தலையில் இறகும் கழுத்தில் முழ நீள முத்துமாலையும், ஆண்களுக்குத் தொப்பி. பழைய இசைத்தட்டுகள் கேட்கிறவள் என்பதால் பாட்டுப் பொறுப்பு என் தலையில் விழுந்தது.

கிங் ஆலிவர் என்ற கறுப்பின ஜாஸ் இசைக்கலைஞரின் குழு 1923இல் செய்த பதிவைப் போட்டேன். இண்டியானா மாநிலம் ரிச்மண்டில், தண்டவாளத்தை ஒட்டிய கூடத்தில் பதிவானது. ரயில் போனால் வாசிப்பை நிறுத்த வேண்டும். மைக் கிடையாது, எல்லோரும் ஒரு கூம்புக் குழாயின் வாயைப் பார்த்து வாசிக்க வேண்டும். முந்தின ஆண்டுதான் நியூ ஆர்லியன்ஸிலிருந்து சிகாகோவுக்கு ரயிலேறி வந்த லூயி ஆம்ஸ்ட்ராங் ஊதிய கார்னெட், அதாவது டிரம்பெட் போன்ற ஊதுகருவி, மற்றவர்களை அமுக்கியதால், அவரைத் தள்ளி நிறுத்திவிட்டார்களாம். நான் இதைச் சொல்லி முடிப்பதற்குள், "என்ன மேடம், அப்பளம் பொரிகிற சத்தம்தான் கேட்கிறது" என்று செயலாளர் சினிமாப் பாட்டுக்கு மாற்றிவிட்டார்.

என்னைக் கேட்டால் அந்த ரயில் பயணம்தான் மாற்றம். தெற்கின் பருத்திக் காடுகளையும் மரத்தில் தூக்கிலிடும் கும்பல்களையும் விட்டு, லட்சக்கணக்கான கறுப்பின மக்கள் வடக்கு நகரங்களுக்கு வந்தார்கள். இசையும் கூடவே வந்தது. வந்த இடத்தில் என்ன மரியாதை? நியூயார்க்கின் கறுப்பினப் பகுதியான ஹார்லெமில் இருந்த காட்டன் கிளப் என்ற இரவு விடுதியில் மேடையில் கறுப்பர்கள், மேசையில் வெள்ளையர்கள் மட்டும். 1927 டிசம்பரில் கறுப்பின ஜாஸ் கலைஞர் டியூக் எலிங்டன் அங்கே வாசிக்கத் தொடங்கியபோதும் அதே விதிதான். மதுவிலக்குக் காலத்தில் அதை நடத்தியவர் ஓனி மேடன் என்ற சாராயக் கடத்தல்காரர். நாம் இறகு செருகிக்கொண்டு போடுவது அந்த மேசைக்காரர்களின் வேடம்.

'பெண்கள் விடுதலையை மறைக்கிறாயே' என்று உடனே யாரும் வர வேண்டாம். 1920இல் வாக்குரிமை வந்ததும், கூந்தலை வெட்டிக்கொள்ளப் பெண்கள் ஆண்களின் சலூனுக்கே போனதும் எனக்கும் தெரியும். முடியை வெட்டிக்கொண்டு மாமியாரிடம் ஆறு மாதம் பேச்சு வாங்கியவள் நான். ஆனால் அதே வாக்குரிமை தெற்கின் கறுப்பினப் பெண்களில் பெரும்பாலோருக்கு ஏட்டளவில்தான் இருந்தது.

அந்த விழாவுக்கு வீட்டுக்கு 1,500 ரூபாய் வசூல். தீபாவளியிலிருந்து லிஃப்ட் ஓடவில்லை. கேட்டால் நிதி இல்லையாம். முத்துமாலையோடு நான்கு மாடி ஏறித்தான் வீட்டுக்குப் போனேன்.