மழை பெய்த பிறகும் ஏன் திரும்பவில்லை?

வணக்கம். எங்கள் லைன் வீட்டில் ராமநாதபுரம் மாவட்டம் கமுதிப் பக்கத்துக் குடும்பம் ஒன்று குடியிருக்கிறது. 2017 வறட்சியில் வந்தவர்கள். அதன்பிறகு நல்ல மழை பெய்த வருஷங்களும் உண்டு. சொந்த நிலம் இருந்தும் ஊருக்குப் போகவில்லை. டவுன் வசதி பழகிவிட்டது என்கிறார் என் கணவர். அதுதானா காரணம்?
– ஒரு வாசகி, திருப்பூர்

அன்புள்ள சகோதரிக்கு,

ஒற்றை அறை, பொதுக் கக்கூஸ், பனியன் கம்பெனியில் நாள் முழுக்க நின்றபடி செக்கிங் வேலை. இதை வசதி என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

2016 வடகிழக்குப் பருவமழை 62 சதவீதம் குறைந்தது. அடுத்த ஜனவரியில் 32 மாவட்டங்களிலும் வறட்சி என்று அரசு அறிவித்தது. கமுதி, முதுகுளத்தூர் பக்கம் கண்மாயை நம்பி ஒரு போகம் நெல். மேட்டில் மிளகாய், பருத்தி. அது பொய்த்தாலும் யாரும் உடனே வீட்டைப் பூட்டுவதில்லை. முதலில் ஆடு சந்தைக்குப் போகும். ஊரே விற்கிற நேரம் என்பதால் வந்த விலைக்குத் தள்ளிவிட வேண்டியதுதான். பிறகு மாடு, பிறகு தோடு. வீட்டு ஆம்பளை மட்டும் முதலில் பஸ் ஏறுவார். பிள்ளைகளின் டி.சி.யை வாங்கிக்கொண்டு குடும்பமே கிளம்புவது கடைசியில்தான்.

மழை வந்தால் கண்மாய் நிறையும். விற்ற மாடு வருமா? இரண்டு மூன்று வருஷம் தரிசாகக் கிடந்த நிலத்தில் சீமைக்கருவேல் ஆளுயரத்துக்கு நிற்கும். கரிமூட்டம் போடுகிறவர்களுக்கு விட்டால் கொஞ்சம் காசு கிடைக்கும்; ஆனால் தூர் மண்ணிலேயே இருந்து மறுபடி தழைக்கும். வேரோடு தோண்ட ஜே.சி.பி.க்கு மணிக்கணக்கில் வாடகை தர வேண்டும். அப்படியே திருத்தி விதைத்தாலும், சுற்றிலும் கருவேலங்காடாக இருக்க நடுவில் ஒரே ஒரு வயலில் பயிர் நின்றால் காட்டுப்பன்றி விடாது.

அப்போது நெல்லுக்கு ஏக்கருக்கு 5,465 ரூபாய் நிவாரணம் அறிவித்தார்கள். ஆனால் விளைச்சலில் பங்கு தருவதாகப் பேசி, அடுத்தவர் நிலத்தை வாரத்துக்கு உழுதவர் பெயரில் பட்டா ஏது? கூலிக்காரருக்கு நூறு நாள் வேலையை 150 நாளாக்கினார்கள், சரிதான். ஆனால் கடைக்காரர் அரிசிக் கடனை நிறுத்துவதற்குள் அந்தக் கூலி கைக்கு வந்தாக வேண்டும். ஆடு சந்தைக்குப் போகும் முன்பே தீவனம் ஊருக்கு வர வேண்டும். வீட்டைப் பூட்டிய பிறகு வரும் உதவி யாருக்கு?

ஒன்று செய்யுங்கள். அவர்களுடைய ரேஷன் கார்டு இன்னும் ஊர் முகவரியில் இருக்கிறதா என்று கேளுங்கள். 2020 அக்டோபரிலிருந்து தமிழ்நாட்டுக்குள் எந்தக் கடையிலும் கைரேகை வைத்து அரிசி வாங்கலாம். கடையில் இல்லை என்று திருப்பி அனுப்பினால், நீங்களும் கூடப் போய்க் கேளுங்கள்.