வேலையை விட்டுவிட்டுத் தனியாக ஆவணப்படம் எடுக்க வரலாமா? எப்படித் தொடங்குவது?

வரலாம். ஆனால் வேலையை உடனே விட்டுவிடாதீர்கள். நீலகிரி மலையில் கோத்தகிரியில் இருந்துகொண்டு நானும் ஆவணப்படம்தான் எடுக்கிறேன். ஆவணப்படத்தை மட்டும் நம்பினால் அடுப்பு எரியாது. கல்யாண வீடியோ, தொண்டு நிறுவனங்களுக்குச் சின்னப் படங்கள், மற்றவர்களுக்கு எடிட்டிங் என்று சோறு போடுவது வேறு வேலைகள். அதில் எனக்கு வருத்தமே இல்லை. என் படத்தில் இதை வை, அதை எடு என்று சொல்ல ஆள் இல்லாமல் இருப்பது அதனால்தான்.

முதுமலை தெப்பக்காடு யானை முகாமில் எடுத்த ஆவணப்படம் 2023-ல் ஆஸ்கர் வாங்கியதும் மலையில் நிறையப் பிள்ளைகள் கேமராவைத் தூக்கிவிட்டார்கள். சந்தோஷம்தான். ஆனால் அதன் இயக்குநர் கார்த்திகி கொன்சால்வெஸ் படத்தில் வரும் யானைப் பராமரிப்பாளர் குடும்பத்தோடு ஆண்டுக்கணக்கில் பழகியிருக்கிறார். அதைத்தான் முதலில் கற்றுக்கொள்ள வேண்டும். அதற்கும் வெகு முன்னால் ஏ.கே. செட்டியார் காந்தியின் படச்சுருள்களைத் தேடி நாடு நாடாக அலைந்து 1940-ல் தமிழில் ஆவணப்படம் கொண்டுவந்தார். நம் ஆட்களுக்கு இந்தப் பொறுமை புதிதில்லை.

நான் இப்போது எடுப்பது சிலோன் (இலங்கை) தோட்டங்களிலிருந்து திரும்பிய தமிழர்களின் கதை. 1964-ல் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் இலங்கைப் பிரதமர் சிறிமாவோவும் போட்ட ஒப்பந்தப்படி 5,25,000 பேரை இந்தியா ஏற்றுக்கொள்வது என்று முடிவானது. போகிறவர்களை யாரும் கேட்கவில்லை. அப்படி வந்தவர்களுக்கு வேலை தரத்தான் கூடலூர், கோத்தகிரி பக்கம் அரசுத் தேயிலைத் தோட்டங்கள் வந்தன. தோட்டத் தொழிலாளர்கள் வரிசையாகக் குடியிருக்கும் அந்த லைன் வீடுகளில் கேமராவை நீட்டி “சிலோன் எப்படி இருந்தது?” என்று கேட்டால், “நல்லாத்தான் இருந்துச்சு” என்பதோடு பேச்சு முடிந்துவிடும். கேமராவைப் பையிலேயே வைத்துவிட்டு, கொழுந்து எடுக்கும்போது கூடவே நடந்தால் பேச்சு தானாக வரும். ஒரு பாட்டி கை நிற்காமல் கொழுந்தைக் கிள்ளிக்கொண்டே சொன்னார்: “நாயைக் கட்டிப்போட்டுட்டு வந்தோம் கண்ணு. இல்லேன்னா ஸ்டேஷன் வரைக்கும் ஓடியாந்திருக்கும்.” நான் தயாரித்து வைத்திருந்த எந்தக் கேள்விக்கும் இந்தப் பதில் வந்திருக்காது. அப்புறம் ஒரு நாள், அவரே சரி என்ற பிறகுதான், கேமராவை எடுத்தேன்.

பணம் கொஞ்சமாக இருந்தால் கேமராவை விட மைக்குக்குச் செலவிடுங்கள். தகரக் கூரையில் மழை விழுந்தால் பேட்டி போச்சு. கூடலூருக்கு ஜூனிலிருந்து தென்மேற்கு மழை. கோத்தகிரிக்கு அக்டோபர், நவம்பரில் வடகிழக்கு மழை. அதற்கேற்பத்தான் நான் ஊரை மாற்றி மாற்றி வேலை செய்கிறேன். காப்புக்காட்டுக்குள் போவதாக இருந்தால் வனத்துறை அனுமதி கட்டாயம். அதற்கு மாதங்கள் ஆகலாம்.

எடிட் பாதி முடிந்ததும் முதலில் லைனில்தான் போட்டுக் காட்டுவேன். வேண்டாம் என்று அவர்கள் சொல்வதை எடுத்துவிடுவேன், அது எவ்வளவு நல்ல காட்சியாக இருந்தாலும். திரைப்பட விழாவெல்லாம் அதற்கு அப்புறம். தியேட்டரில் போடத் தணிக்கைச் சான்றிதழ் வேண்டும். அந்தச் செலவையும் இப்போதே கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள்.