92-ம் 18-ம்: ஆஸ்திரியாவின் நியோஸ் கட்சி பற்றி வாசகர் கேள்விகள்

கேள்வி (கும்பகோணம் வாசகர்): ஆஸ்திரியாவின் வெளியுறவு அமைச்சர் பதவி 10 விழுக்காடு வாக்குகூடப் பெறாத ஒரு கட்சியிடம் இருக்கிறது என்று படித்தேன். அந்தக் கட்சி எப்படி அந்த இடத்துக்கு வந்தது?

பதில்: நீங்கள் குறிப்பிடுவது நியோஸ் கட்சி. 'புதிய ஆஸ்திரியா' என்ற பொருள் தரும் ஜெர்மன் பெயரின் சுருக்கம் அது. 2012 அக்டோபரில் வியன்னாவில் அதைத் தொடங்கிய மத்தியாஸ் ஷ்ட்ரோல்ட்ஸ், நாட்டின் மேற்குக் கோடியிலுள்ள ஃபோராரல்பெர்க் மாநிலத்தில் மலை விவசாயக் குடும்பத்தில் பிறந்தவர். இரண்டாம் உலகப் போருக்குப் பின் பழமைவாத மக்கள் கட்சியும் இடதுசாரிச் சாய்வுள்ள சமூக ஜனநாயகக் கட்சியும் அதிகாரத்தையும் பதவிகளையும் தமக்குள் பங்கிட்டுக்கொள்வது ஆஸ்திரியாவில் ஏறத்தாழ எழுதாத சட்டமாகவே இருந்துவந்தது. ஒரு பள்ளியின் தலைமை ஆசிரியர் நியமனத்தில்கூட, அவர் கையிலிருப்பது எந்தக் கட்சியின் உறுப்பினர் அட்டை என்று பார்க்கும் வழக்கத்தை மக்கள் வெறுத்தார்கள். 'பள்ளியிலிருந்து கட்சி அரசியல் வெளியேறட்டும்' என்பது நியோஸின் தொடக்ககால முழக்கங்களுள் ஒன்று. அந்த வெறுப்பை வசைபாடித் தீர்க்காமல் ஒரு கல்விக் கோரிக்கையாக மாற்றினார்களே, அதுதான் இக்கட்சியின் முதல் நல்ல முடிவு என்று நான் கருதுகிறேன்.

வளர்ச்சி வேகமானதன்று. 183 இடங்கள் கொண்ட நாடாளுமன்றத்தில் 2013-இல் 9, 2017-இல் 10, 2019-இல் 15, 2024-இல் 18 என்று படிப்படியாகவே ஏறியது. ஆஸ்திரியாவில் தொகுதியில் முதலிடம் பிடித்தவர் மட்டுமே வெல்லும் முறை இல்லை. நாடு முழுவதும் 4 விழுக்காடு வாக்குப் பெற்றாலே அதற்கேற்ற இடங்கள் கிடைத்துவிடும் என்பதால், சிதறிக் கிடக்கும் ஆதரவும் அங்கே வீணாவதில்லை. வேட்பாளர் பட்டியலைத் தலைவர் ஒருவரே எழுதிவிடாமல் பொதுமக்கள், நிர்வாகக் குழு, உறுப்பினர்கள் என்று மூன்று தரப்பும் வாக்களித்து வரிசைப்படுத்தும் ஏற்பாட்டையும் கட்சி தொடக்கத்திலேயே கொண்டுவந்தது.

கேள்வி (திருநெல்வேலி வாசகர்): ஆஸ்திரியாவில் இதற்கு முன் தாராளவாதக் கட்சி எதுவும் இருந்ததில்லையா?

பதில்: இருந்தது, அது வீழ்ந்த கதையைத் தெரிந்துகொண்டால்தான் நியோஸின் எச்சரிக்கை உணர்வு புரியும். 1993-ஆம் ஆண்டின் தொடக்கத்தில், யோர்க் ஹைடர் தலைமையிலான சுதந்திரக் கட்சி வெளிநாட்டவருக்கு எதிரான கையெழுத்து இயக்கம் ஒன்றை நடத்தியது. அதைப் பொறுக்க முடியாமல் அக்கட்சியின் ஹைடே ஷ்மிட் மேலும் நான்கு நாடாளுமன்ற உறுப்பினர்களுடன் வெளியேறி லிபரல் ஃபோரம் என்ற கட்சியைத் தொடங்கினார். அடுத்த ஆண்டுத் தேர்தலில் 11 இடங்கள். 1995-இல் 10 இடங்கள். 1999-இல் 4 விழுக்காட்டு வரம்பை எட்ட முடியாமல் நாடாளுமன்றத்தை விட்டே வெளியேறியது. அறிவாளிகள் மதித்த, நகரங்களில் நல்ல பெயர் பெற்றிருந்த கட்சி ஆறே ஆண்டுகளில் ஒதுங்கிப் போனது.

நியோஸ் 2013 தேர்தலை இந்த லிபரல் ஃபோரத்துடன் கூட்டணி வைத்துச் சந்தித்தது. கட்டுமானத் தொழிலதிபர் ஹான்ஸ் பீட்டர் ஹாசல்ஷ்டைனரின் பண உதவியும் அதற்கு இருந்தது. 2014-இல் இரண்டும் ஒன்றாயின. ஆனால் பழைய கட்சி செய்யத் தவறியதை நியோஸ் செய்தது: மாநிலங்களில் வேர் பிடித்தது. 2014-இல் ஃபோராரல்பெர்க் சட்டமன்றம், 2015-இல் வியன்னா, 2018-இல் சால்ஸ்பர்க்கில் ஆட்சிப் பங்கு, 2020-இல் வியன்னாவில் சமூக ஜனநாயகக் கட்சியுடன் கூட்டணி ஆட்சி என்று நகர்ந்தது. சறுக்கலும் இல்லாமல் இல்லை. ஆட்சியில் பங்கேற்ற அதே சால்ஸ்பர்க்கில் 2023-இல் 5 விழுக்காட்டு வரம்பைத் தாண்ட முடியாமல் சட்டமன்றத்துக்கு வெளியே நின்றது. பெரிய கட்சியோடு ஆட்சியில் அமரும் சிறிய கட்சிக்கு நன்மையில் பங்கு குறைவாகவும் பழியில் பங்கு நிறைவாகவும் கிடைக்கும் என்பதை அக்கட்சி அங்கேயே பட்டறிந்தது.

கேள்வி (கோயம்புத்தூர் வாசகி): 2025 ஜனவரியில் கூட்டணிப் பேச்சிலிருந்து வெளியேறித் தீவிர வலதுசாரிகளுக்கு வாசலைத் திறந்துவிட்டது இந்தக் கட்சிதானே? அதைப் பொறுப்பற்ற செயல் என்று நீங்கள் சொல்ல மாட்டீர்களா?

பதில்: அந்த வாரத்தில் நானும் அப்படித்தான் நினைத்தேன். இப்போது அவ்வாறு சொல்லத் தயங்குகிறேன். நடந்ததை வரிசையாகப் பார்ப்போம்.

2024 செப்டம்பர் 29 தேர்தலில் ஹெர்பர்ட் கிக்கலின் சுதந்திரக் கட்சி 28.8 விழுக்காடு வாக்குகளுடன் 57 இடங்களைப் பெற்று, நாட்டின் நாடாளுமன்றத் தேர்தல் வரலாற்றில் முதன்முறையாக முதலிடத்துக்கு வந்தது. மக்கள் கட்சிக்கு 51, சமூக ஜனநாயகக் கட்சிக்கு 41. இவ்விரண்டையும் கூட்டினால் 92. 183 பேர் கொண்ட அவையில் பெரும்பான்மைக்குச் சரியாக 92 தேவை. ஒரே ஓர் உறுப்பினர் முரண்டு பிடித்தாலும், வாக்கெடுப்பு நாளில் காய்ச்சலில் படுத்துவிட்டாலும் ஆட்சி ஆட்டங்கண்டுவிடும். நியோஸின் 18 இடங்களுக்கு மதிப்பு வந்தது இந்தக் கணக்கினால்தான்.

மூன்று கட்சிகளும் வாரக்கணக்கில் பேசின. ஜனவரி 3-ஆம் தேதி நியோஸ் தலைவர் பெயாட்டே மைன்ல்-ரைசிங்கர், அடிப்படைச் சீர்திருத்தங்களுக்கு மற்ற இருவரும் தயாராக இல்லை என்று கூறி வெளியேறினார். மறுநாளே மற்ற இரு கட்சிகளின் பேச்சும் முறிந்தது. மக்கள் கட்சியைச் சேர்ந்த பிரதமர் கார்ல் நேஹாம்மர் பதவி விலகுவதாக அறிவித்தார். ஜனவரி 6-ஆம் தேதி ஆட்சியமைக்கும் பொறுப்பு கிக்கலிடம் சென்றது. ஐரோப்பிய ஒன்றியத்தை உயிராகக் கருதும் ஒரு கட்சி எழுந்துபோனதன் விளைவாக, அந்த ஒன்றியத்தை வெறுப்பவர் பிரதமர் நாற்காலியை நெருங்கினார் என்பது மறுக்க முடியாத உண்மை. அந்த அபாயத்தை அவர்கள் எடைபோட்டுத்தான் எழுந்தார்களா என்ற கேள்வி எனக்கு இன்னும் உண்டு.

ஆனால் மக்கள் கட்சியுடன் கிக்கல் நடத்திய பேச்சு பிப்ரவரி 12-ஆம் தேதி முறிந்தபோது, நியோஸ் வீம்பு பாராட்டாமல் அதே மேசைக்குத் திரும்பி வந்தது. கோபித்துக்கொண்டு போனவர்கள் திரும்பி வருவது அரசியலில் எளிதன்று; தொண்டர்கள் கேள்வி கேட்பார்கள். அந்தக் கேள்விக்குத் தொண்டர்களிடமே பதில் பெற்றார்கள். கூட்டணி ஒப்பந்தம் மார்ச் 2-ஆம் தேதி உறுப்பினர் கூட்டத்தில் வாக்குக்கு வைக்கப்பட்டது. மூன்றில் இரு பங்கு ஆதரவு கிடைக்காவிட்டால் ஆட்சியே இல்லை என்ற நிலையில் ஏறத்தாழ 94 விழுக்காட்டினர் ஒப்பினர். மறுநாள் மக்கள் கட்சியின் கிறிஸ்டியான் ஷ்டோக்கர் தலைமையில் அமைச்சரவை பதவியேற்றது. தேர்தல் முடிந்து 155 நாள்களுக்குப் பின்! 1940-களுக்குப் பிறகு அந்நாட்டில் அமைந்த முதல் மூன்று கட்சி ஆட்சி அது. மைன்ல்-ரைசிங்கர் வெளியுறவு அமைச்சரானார். வியன்னாவில் துணை மேயராகக் கல்வித் துறையைக் கவனித்துவந்த கிறிஸ்டோஃப் வீடர்கேர், நாட்டின் கல்வி அமைச்சரானார்.

கேள்வி (சேலம் வாசகர்): 'ஐரோப்பா' என்று சொல்லி வாக்கு வாங்க முடியுமா?

பதில்: ஓரளவுக்கு முடியும். 1994 பொதுவாக்கெடுப்பில் ஆஸ்திரியர்களில் மூன்றில் இரு பங்கினர் ஒன்றியத்தில் சேர ஒப்புதல் அளித்தவர்கள். அந்த உணர்வு முழுதாக வற்றிவிடவில்லை. 2024 ஐரோப்பிய நாடாளுமன்றத் தேர்தலில் நியோஸ் 10 விழுக்காட்டைத் தொட்டு இரண்டு இடங்களைப் பெற்றது. ஆனால் 1955 முதல் அரசியலமைப்புச் சட்டமாகவே இருக்கும் நடுநிலையை, அதாவது எந்த ராணுவக் கூட்டணியிலும் சேராத கொள்கையைத் தொட்டால் அங்கே கைசுடும். நடுநிலை மட்டும் நாட்டைக் காத்துவிடாது என்று வெளியுறவு அமைச்சரே வெளிப்படையாகக் கூறியது துணிச்சலான செயல். வாக்குக் கணக்குப் பார்ப்பவர் அதைச் சொல்லியிருக்க மாட்டார்.

கேள்வி (மதுரை வாசகி): ஆட்சிக்கு வந்தபின் தாராளவாதக் கொள்கை அவர்களிடம் மிஞ்சியிருக்கிறதா?

பதில்: என்னை உறுத்துவது ஒன்றைச் சொல்கிறேன். 14 வயதுக்குட்பட்ட சிறுமியர் பள்ளியில் இஸ்லாமிய முக்காடு அணிவதைத் தடைசெய்யும் சட்டத்தை 2025 டிசம்பரில் நாடாளுமன்றம் நிறைவேற்றியபோது நியோஸும் ஆதரித்து வாக்களித்தது. தொடக்கப் பள்ளிகளுக்கென 2019-இல் கொண்டுவரப்பட்ட இத்தகைய சட்டத்தை, ஒரு மதத்தை மட்டும் தனித்துக் குறிவைக்கிறது என்ற காரணத்தால் அரசியலமைப்பு நீதிமன்றம் 2020-இல் செல்லாது என்று தீர்ப்பளித்திருந்தது. குடும்பத்தின் கட்டாயத்திலிருந்து சிறுமியை விடுவிப்பதும் விடுதலைதான் என்பது ஆதரித்தவர்களின் வாதம்; அதை நான் முற்றிலும் ஒதுக்கிவிடவில்லை. எனினும், வெளிநாட்டவருக்கு எதிரான ஓர் இயக்கத்தைப் பொறுக்காமல் 1993-இல் வெளியேறியவர்கள் தொடங்கிய லிபரல் ஃபோரத்தின் பெயரைத் தன் முழுப்பெயரில் இன்றும் சுமக்கும் கட்சி, இந்த வாக்கை அளிக்குமுன் இன்னும் நெடுநேரம் யோசித்திருக்க வேண்டும்.