நெல்லை டவுனை நடந்தே பார்க்க ஒரு நாள் போதுமா?

கேள்வி: தை மாதம் பாளையங்கோட்டையில் ஒரு கல்யாணத்துக்காகக் கோவையிலிருந்து வருகிறோம். முந்தின நாள் சனிக்கிழமை முழுக்க வேலை எதுவும் இல்லை. நான், கணவர், எட்டாவது படிக்கும் மகள், முழங்கால் வலி உள்ள என் அம்மா (வயது 68) என நாலு பேர். வழிகாட்டி ஒருவரை வைத்துக்கொண்டு திருநெல்வேலியின் முக்கியமான இடங்களை நடந்தே பார்க்க ஆசை. வழிகாட்டி அவசியமா? எப்படித் தேடுவது? எவ்வளவு நேரம் ஆகும்? அம்மாவால் முடியுமா?

பதில்: அம்மாவால் முடியும். ஆனால் "திருநெல்வேலியின் முக்கியமான இடங்கள்" என்று மொத்தமாகக் கேட்டால் யாராலும் முடியாது. இந்த ஊருக்கு நடு என்று ஒரே இடம் கிடையாது. ரயில் நிற்பது ஜங்ஷன். கோயிலும் ரத வீதிகளும் இருப்பது டவுன். உங்கள் கல்யாணம் ஆற்றுக்கு அந்தப் பக்கம், பாளையில். மூன்றையும் ஒரே நாளில் நடந்து முடிக்க வேண்டும் என்று வருகிறவர்கள் மத்தியானம் ஒரு மணிக்கு ஏதாவது ஒரு பஸ் ஸ்டாப் நிழலில் உட்கார்ந்து "இன்னும் எத்தனை இடம் பாக்கி?" என்று கேட்பதைப் பல முறை பார்த்துவிட்டேன். சனிக்கிழமையை டவுனுக்கு மட்டும் கொடுங்கள். சாயங்காலம் ஆற்றுப் பாலத்தை ஒரு எட்டு பார்த்துக்கொள்ளலாம். பாளையைக் கல்யாணத்தன்று பார்த்துக்கொள்ளலாம்.

அம்மாவுக்காகத் தூரத்தைக் கணக்குப் போட்டுச் சொல்கிறேன். நெல்லையப்பர் கோயில் 850 அடி நீளம், 756 அடி அகலம் என்பார்கள். மதிலை ஒட்டி ஒரு சுற்று வந்தாலே ஏறக்குறைய ஒரு கிலோமீட்டர். ரத வீதிகள் அதற்கும் வெளியே ஓடுவதால் இன்னும் கொஞ்சம் கூடும். கோயிலுக்குள் நடப்பதைத் தனியாகச் சேர்த்துக்கொள்ளுங்கள். ஒரே மூச்சில் என்றால் முழங்கால் வலிக்காரருக்கு இது அதிகம். காலையில் ஒரு பாதி, சாயங்காலம் ஒரு பாதி என்று பிரித்தால் சமாளிக்கலாம். தூரத்தைவிட எனக்குக் கவலை கோயிலின் நிலைப்படிகள்தான். உயரமான கல் படிகள், வழவழப்பு வேறு. மகள் பாட்டியின் கையை விடாமல் இருந்தால் போதும். தை மாதம் என்பதால் வெயில் மிரட்டாது. இதே கேள்வியைச் சித்திரையில் கேட்டிருந்தால் "அம்மாவைக் கல்யாண வீட்டிலேயே விட்டுவிட்டு வாங்க" என்றுதான் எழுதியிருப்பேன்.

காலை ஆறரைக்கு ஆட்டோவில் வந்து இறங்கிவிடுங்கள். முதல் வேலை கோயில். மத்தியானம் நடை சாத்திவிடுவார்கள், சாயங்காலம்தான் மறுபடி திறப்பு. அதனால் பத்து மணிக்கு மேல் வந்தால் ஓட்டமாகத்தான் பார்க்க முடியும்.

இங்கே ஒரு சின்ன விஷயம், ஆனால் ஏமாறாதவர்கள் குறைவு. சுவாமி கோயிலுக்கு ஒரு வாசல், காந்திமதி அம்மன் கோயிலுக்கு ஒரு வாசல். இரண்டும் கீழ ரத வீதியைப் பார்த்தபடி, தள்ளித் தள்ளி இருக்கின்றன. உள்ளே இரண்டும் ஒன்றாகச் சேர்ந்துவிடுவதால், ஒரு வாசலில் நுழைந்து மறு வாசலில் வெளியே வருவது ரொம்பச் சுலபம். செருப்பு மட்டும் முதல் வாசலில் கிடக்கும். ஒரு பங்குனி மாதம் பதினொன்றரை மணிக்கு எட்டுப் பேரைக் கூட்டிக்கொண்டு நானே இப்படித் தவறான வாசலில் வெளியே வந்தேன். தார் ரோட்டில் வெறுங்காலோடு கடைக்குக் கடை நிழல் பார்த்துத் தாவிப் போன காட்சியை நினைத்தால் இப்போதும் வெட்கமாக இருக்கிறது. அன்று முதல் என் பையில் ஒரு துணிப்பை இருக்கும். நாலு ஜோடிச் செருப்பையும் அதில் போட்டு வழிகாட்டியிடமோ செருப்புக் காப்பகத்திலோ கொடுத்து, "எந்த வாசல்ல வெளிய வருவோம்?" என்று கேட்டுக்கொண்டு உள்ளே போங்கள். செல்போன், கேமரா விஷயத்தில் வாசலில் என்ன சொல்கிறார்களோ அதைக் கேட்டு நடந்துகொள்ளுங்கள், வாக்குவாதம் வேண்டாம்.

கோயிலுக்குள் ஒன்றரை மணி நேரமாவது வேண்டும். வழிகாட்டி தேவைப்படும் இடமும் இதுதான். வீதியில் கண்ணே போதும். உள்ளே கல்லைப் பார்த்துக்கொண்டு சும்மா நடந்தால், மகளுக்குப் பத்தாவது நிமிடத்தில் கொட்டாவி வந்துவிடும்.

நெல் காயப்போட்ட வேதசர்மா, மழை, அந்த நெல்லுக்கு மட்டும் இறைவன் வேலி கட்டி நனையாமல் காத்தது, அதனால் திருநெல்வேலி என்ற கதையை எல்லா வழிகாட்டிகளும் சொல்வார்கள். பால் குடத்தோடு இடறி விழுந்த ராமக்கோன் கதையையும், இது ஒரு காலத்தில் மூங்கில் காடு, வேணுவனம் என்பதையும் பெரும்பாலானோர் சொல்வார்கள். நல்ல வழிகாட்டியைப் பிரித்துக் காட்டுவது அடுத்த கேள்வி. "சங்கிலி மண்டபம் எதுக்கு அண்ணாச்சி?" என்று கேட்டுப் பாருங்கள். சுவாமி கோயிலும் அம்மன் கோயிலும் தனித்தனியாக இருந்தவை. இரண்டையும் சங்கிலிபோலக் கோத்தது இந்த நீண்ட மண்டபம். 1647-ல் வடமலையப்ப பிள்ளை கட்டியது. தனிக் கோயில்களாக இருந்த நிலையிலிருந்து ஆரம்பித்து அந்த அண்ணாச்சி சொன்னால், அவர் பின்னாலேயே தைரியமாகப் போகலாம். "அது ஒரு மண்டபம், வாங்க வாங்க" என்று முன்னே நடந்தால், தொகையைக் கொடுத்து நன்றி சொல்லிவிட்டு நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள்.

அடுத்து மணி மண்டபம். இசைத் தூண்கள் இருக்கும் இடம். இங்கே அவசரப்படாதீர்கள். நடுவே ஒரு பெரிய தூண், அதைச் சுற்றிலும் மெல்லிய சிறு தூண்கள், எல்லாம் ஒரே கல்லில் குடைந்தெடுத்தவை. குனிந்து அடியைப் பாருங்கள், ஒட்டுப்போட்ட தடம் எங்கும் இருக்காது. தூணின் கனமும் நீளமும் மாற மாற சுருதியும் மாறும். மகளுக்கு வீணையோ கிட்டாரோ தெரிந்திருந்தால் கம்பியின் தடிமன் மாறினால் சுருதி மாறுவதை நினைவூட்டுங்கள், உடனே பிடித்துக்கொள்வாள். நின்றசீர் நெடுமாறன் என்ற பாண்டியன் எழுப்பியது என்று சொல்வார்கள். தட்டிப் பார்க்க மட்டும் கேட்காதீர்கள். வருகிறவர்கள் எல்லாம் தட்டித் தட்டிக் கல்லுக்கு வந்த சேதம் போதும். "யாரும் பாக்கல, தட்டிக் காட்டுதேன்" என்று ஒரு வழிகாட்டி குரலைத் தாழ்த்தினால், அதை அவர் செய்யும் உபகாரமாக எடுத்துக்கொள்ள வேண்டாம்.

தாமிர சபையைத் தேடிப் போய்ப் பாருங்கள். நடராசரின் ஐந்து சபைகளில் சிதம்பரம் பொன், மதுரை வெள்ளி, திருவாலங்காடு ரத்தினம், குற்றாலம் சித்திரம், இங்கே தாமிரம். மரத்தில் செதுக்கிய வேலைப்பாட்டை அண்ணாந்து பார்க்கக் கழுத்து வலிக்கும், பரவாயில்லை. 96 தூண் உள்ள ஊஞ்சல் மண்டபத்தில் அம்மாவை உட்கார வையுங்கள். சைவர்கள் சொல்லும் 96 தத்துவங்களுக்குத் தூணுக்கு ஒன்று என்று கணக்கு. நீங்கள் மற்ற இடங்களைப் பார்த்துவிட்டு வரும்வரை அவர்கள் தூண்களை எண்ணிக்கொண்டிருக்கலாம். என் அனுபவத்தில் யாருடைய எண்ணிக்கையும் முதல் தடவையில் சரியாக வந்ததில்லை.

வெளியே வந்து டிபன். அப்புறம் ரத வீதியில் பாதிச் சுற்று. எங்கள் ஊரில் திருப்பத்தை "முக்கு" என்போம். வாகையடி முக்கு, சந்திப்பிள்ளையார் முக்கு, லாலா சத்திர முக்கு என்று பெயரைச் சொன்னால் ஆட்டோக்காரர் மறுபேச்சு இல்லாமல் கொண்டுவந்து விடுவார். "ரத வீதி கார்னர்" என்றால் முழிப்பார். லாலா என்ற பெயர் மிட்டாய் போடும் வடக்கத்திக் குடும்பங்களோடு வந்தது. அதனால்தான் இங்கே மிட்டாய்க் கடைக்கே லாலா கடை என்று பெயர். நடக்கும்போது தெருவின் அகலத்தைக் கவனியுங்கள். ஆனி மாதத் தேரோட்டத்தில் நெல்லையப்பர் தேரை ஊர் சனமே வடம் பிடித்து இந்த முக்குகளில் திருப்ப வேண்டும். தேர் திரும்ப வேண்டுமே என்றுதான் இந்த வீதிகளுக்கு இந்த அளவு. நீங்கள் நடப்பது தேர் போகும் வழி என்று மகளிடம் சொல்லுங்கள்.

டவுனில் இன்னொரு கதை இருக்கிறது. பெரும்பாலான வழிகாட்டிகள் அதைத் தொடுவதே இல்லை. 1908 மார்ச் 12-ல் வ.உ.சி.யும் சுப்பிரமணிய சிவாவும் கைதானார்கள். மறுநாள் 13-ம் தேதி ஊர் கொதித்தது. கடைகள் மூடின, மாணவர்கள் தெருவுக்கு வந்தார்கள். நகராட்சி அலுவலகம், தபால் ஆபீஸ், போலீஸ் ஸ்டேஷன் எல்லாம் தாக்கப்பட்டன. மண்ணெண்ணெய்க் கிடங்கு பற்றி எரிந்தது. துப்பாக்கிச் சூட்டில் நாலு பேர் செத்தார்கள். துணிக்கடை விளம்பரத் தட்டிகளுக்கு நடுவே நின்றுகொண்டு இதைக் கேட்பது வேறு மாதிரி இருக்கும். அந்தச் சூட்டோடு பெயர் சேர்ந்துபோன வெள்ளைக்கார அதிகாரி ஆஷ் துரையைத்தான் 1911-ல் மணியாச்சியில் வாஞ்சிநாதன் சுட்டார். டவுனில் வ.உ.சி. மணிமண்டபம் இருக்கிறது. 1890-களில் பாரதி படித்த இந்துக் கல்லூரிப் பள்ளியும் இங்கேதான், ம.தி.தா. பள்ளி என்று கேளுங்கள். பிள்ளைகள் படிக்கிற இடம் என்பதால் கேட்டுக்கொள்ளாமல் உள்ளே நுழைய வேண்டாம். எட்டாவது பாடப் புத்தகத்தில் இருக்கிற பெயர்கள் என்பதால், கோயிலைவிட இந்தப் பகுதியில்தான் உங்கள் மகள் அதிகம் கேள்வி கேட்பாள் என்று பந்தயம் கட்டுவேன்.

பதினொரு மணிக்குள் முடித்துக்கொண்டு அறைக்குப் போய்ச் சாப்பிட்டுத் தூங்குங்கள்.

நாலரை மணிக்குச் சுலோசன முதலியார் பாலம். தாமிரபரணிக்குக் குறுக்கே, ஜங்ஷனையும் கொக்கிரகுளத்தையும் இணைப்பது. அதற்கு முன்னால் நெல்லைக்கும் பாளைக்கும் நடுவே படகுதான். அதில் ஏற அடிதடியும் தாமதமும் சகஜம். கலெக்டர் ஆபீஸில் சிரஸ்தாராக, அதாவது தலைமை எழுத்தராக இருந்த சுலோசன முதலியார் தன் கைப்பணத்தைப் போட்டுப் பாலம் கட்ட வைத்தார், 1843-ல் திறந்தார்கள். மனைவியின் நகைகளையும் சேர்த்துக் கொடுத்தார் என்று ஊரில் சொல்வார்கள். மேலே நின்றால் வண்டி இரைச்சல்தான் கேட்கும். பாலத்தின் அழகு அதன் வளைவுகளில் இருக்கிறது. ஓரமாக நின்று ஆற்றுப் பக்கமிருந்து பாருங்கள். அம்மா ஆட்டோவில் உட்கார்ந்தபடியே பார்த்துக்கொள்ளலாம். குறுக்குத்துறை முருகன் கோயிலையும் கேட்பீர்கள். ஆற்றுக்குள்ளேயே இருக்கிற கோயில், வெள்ளம் வந்தால் முங்கிவிடும், உற்சவரை முன்கூட்டியே மேல் கோயிலுக்குக் கொண்டுபோய்விடுவார்கள். எனக்கு ரொம்பப் பிடித்த இடம். ஆனாலும் இந்த முறை வேண்டாம், ஒரே நாளில் முழங்காலுக்கு அது கூடுதல் வேலை.

ஆறு மணிவாக்கில் மறுபடி டவுன், பாக்கி அரைச் சுற்று. அல்வாவுக்குப் பேர்போன இருட்டுக்கடை கீழ ரத வீதியில், கோயிலுக்கு எதிரே. சாயங்காலம்தான் திறப்பு, சில மணி நேரத்தில் தீர்ந்துவிடும். பெயர்ப் பலகையைத் தேடாதீர்கள், கூட்டத்தைத் தேடுங்கள். கணவரை வரிசையில் நிறுத்திவிட்டு நீங்கள் மூவரும் சுற்றி வரலாம். ஊருக்குக் கொண்டுபோகப் பார்சல் வாங்கும்போதே அங்கே தின்ன ஐம்பது, நூறு கிராம் தனியாகக் கேளுங்கள். இலைத் துண்டில் சூடாக வைப்பார்கள். விரலால் எடுத்தால் வழுக்கி இறங்க வேண்டும், கையில் நெய் மினுங்க வேண்டும், மெல்ல வேலையே இருக்கக் கூடாது. சம்பா கோதுமையை ஊறவைத்து அரைத்துப் பாலெடுத்துக் கிண்டுவது. ருசிக்குத் தாமிரபரணித் தண்ணீர் காரணம் என்று சத்தியம் செய்வோம். வாங்கியதை ஃப்ரிட்ஜில் வைக்காதீர்கள், நெய் உறைந்து ரப்பர் மாதிரி ஆகிவிடும்.

சரி, வழிகாட்டி. என் கணக்கில் உங்களுக்குக் காலை மூன்று மணி நேரத்துக்கு மட்டும் போதும், சாயங்காலத்துக்கு வேண்டாம். சுற்றுலாத் துறை அடையாள அட்டை வைத்திருப்பவரா என்று கேளுங்கள். மாவட்டச் சுற்றுலா அலுவலகத்தில் விசாரித்தால் விவரம் கிடைக்கும். லாட்ஜ் மூலம் வருகிறவர்களிலும் நல்லவர்கள் உண்டு. ஆனால் ஒரு தடவை என் சொந்தக்காரர்களுக்கு அப்படி வந்த ஒருவர் கோயிலை முக்கால் மணி நேரத்தில் முடித்துவிட்டு ஒரு நகைக்கடையில் இரண்டு மணி நேரம் உட்கார வைத்துவிட்டார். அதனால் போனிலேயே பேசிவிடுங்கள்: தொகை தலைக்கு இவ்வளவா, குடும்பத்துக்கு மொத்தமாகவா, எத்தனை மணி நேரம், கடைக்குக் கூட்டிப்போக மாட்டீர்களே, அம்மா அங்கங்கே உட்காருவார்கள், பரவாயில்லையா. கடைசிக் கேள்விக்கு "மெதுவா வாங்கம்மா, அவசரமில்ல" என்று பதில் வந்தால் அவரையே வைத்துக்கொள்ளுங்கள். வாசலில் "அர்ச்சனை பண்ணித் தர்றேன், சுத்திக் காட்டுறேன்" என்று வருகிறவர்கள் விஷயம் தனி. சாமி கும்பிட அவர்கள் சரி, ஊர் பார்க்க அல்ல.

பாளையில் மண்டபம் எங்கே என்று நீங்கள் எழுதவில்லை. எங்கே இருந்தாலும், ஞாயிறு சாயங்காலம் ஒரு ஆட்டோ பிடித்து 1785-ல் குளோரிந்தா அம்மையார் கட்டிய சிறு சர்ச்சையும், 1826-ல் எழுந்த ஊசிக்கோபுரம் சர்ச்சையும், மேடை போலீஸ் ஸ்டேஷன் என்று ஊர் சொல்லும் பழைய கோட்டை வாசலையும் பார்த்துவிடலாம். நடக்கவே வேண்டாம்.

ரயில் டிக்கெட் இன்னும் எடுக்கவில்லை என்றால், கல்யாணத்துக்கு மறுநாள் மத்தியானம் என்ன சமையல் என்று பெண் வீட்டாரிடம் ஜாடையாக விசாரியுங்கள். சொதி (எங்கள் ஊர்த் தேங்காய்ப்பால் குழம்பு) என்றால் திங்கள் ராத்திரி வண்டிக்கு எடுங்கள்.