வாசகர் கேள்வி: சீசர்கள் உலவும் நாவல்கள்

கே: ரொபர்ட் கிரேவ்ஸின் 'ஐ, கிளோடியஸ்' நாவலைத் தொடங்குவதும் ஐம்பதாம் பக்கத்தோடு மூடிவைப்பதுமாக இருக்கிறேன். யாருக்கு யார் என்ன முறை என்றே விளங்கவில்லை. (ஹட்டன் வாசகர்)

ப: குற்றம் உங்களுடையதல்ல. ரோமின் முதல் பேரரசர் ஒகஸ்டஸ் வீட்டில் அப்படியொரு பெயர்ப் பஞ்சம். ட்ரூசஸ் மட்டும் மூன்று பேர். நாவலில் கதை சொல்லும் பேரரசர் கிளோடியஸின் தகப்பன் ஒருவர்; கி.மு. 9இல் குதிரை விபத்தில் அடிபட்டு இறந்தவர். ஒகஸ்டஸுக்குப் பின் ஆண்ட டைபீரியஸின் மகன் இன்னொருவர், கி.பி. 23இல் இறந்தார். மூன்றாமவர் அவருக்கு அடுத்து ஆண்ட கலிகுலாவின் அண்ணன். 33இல் காவலில் பட்டினி போட்டுக் கொல்லப்பட்டார். அக்ரிப்பினா இருவர், ஜூலியா இருவர். இரண்டுமே தாயும் மகளும். ஒரு தோட்டத்தில் இரண்டு ராமசாமி இருந்தால் மேட்டு லயத்து ராமசாமி, பணிய லயத்து ராமசாமி என்று பிரித்துச் சொல்வோமே, அப்படி ஒவ்வொருவருக்கும் ஓர் அடைமொழி கொடுத்துவிடுங்கள்.

பிறகு ஓர் ஏ4 தாளைக் கிடையாக வைத்து, நடுவில் ஒகஸ்டஸ், அவர் மனைவி லிவியா இருவரையும் எழுதுங்கள். இவர்களுக்குள் பிழைத்த பிள்ளை இல்லை. இடப்பக்கம் ஒகஸ்டஸின் மகள் ஜூலியா, வலப்பக்கம் லிவியாவின் முதல் தாரத்து மகன்கள் டைபீரியஸ், ட்ரூசஸ். இரத்த உறவுக்கு முழுக்கோடு, தத்துக்குப் புள்ளிக்கோடு. புள்ளிக்கோட்டில்தான் கதையே இருக்கிறது. கி.பி. 4இல் ஒகஸ்டஸ் டைபீரியஸைத் தத்தெடுத்தார். அதற்கு முன்பாக, சொந்த மகன் இருக்கும்போதே தம்பி மகன் ஜெர்மானிக்கஸைத் தத்தெடுக்க டைபீரியஸுக்குக் கட்டளை. இது பிடிபட்டால் பிறகு வரும் பகைகள் தானாக விளங்கும். தத்தோடு பெயரும் மாறும். பழைய பெயரை அடைப்புக்குள் எழுதுங்கள். 50இல் கிளோடியஸ் தத்தெடுக்கும்வரை நீரோவின் பெயர் டொமிஷியஸ்.

இதுவும் சலிப்பாக இருந்தால் மார்கரீட் யூர்செனார் 1951இல் வெளியிட்ட ஹேட்ரியன் நாவலுக்குப் போங்கள். கிழப் பேரரசர், பின்னாளில் பேரரசராகும் இளைய மார்க்கஸுக்கு எழுதும் ஒரே நீண்ட கடிதம் அது. பெயர்கள் குறைவு, யோசனை அதிகம். என்னைக் கேட்டால் அதுதான் மேலான நாவலும்கூட.

கே: முதல் பேரரசர் ஜூலியஸ் சீசர்தானே? (நானுஓயா வாசகர்)

ப: இல்லை. அவர் சர்வாதிகாரியாக இருந்து கி.மு. 44இல் கொலையுண்டார். பேரரசர் வரிசை கி.மு. 27இல் ஒகஸ்டஸிலிருந்து தொடங்குகிறது.

கே: கிளோடியஸ் காலத்தில் இலங்கைத் தூதர்கள் ரோமுக்குப் போனதாக அறிகிறேன். அதை வைத்துக் குறுநாவல் எழுதுகிறேன். எங்கெங்கே பிசகும்? (மாத்தளை வாசகர்)

ப: நல்ல கரு. ரோம எழுத்தாளர் மூத்த பிளினி சொல்லும் செய்தி இது: செங்கடல் வரிக் குத்தகைக்காரர் அன்னியஸ் பிளோகாமஸின் விடுதலை பெற்ற அடிமை ஒருவன் அரேபியக் கரையோரம் போகையில் காற்று அள்ளிக்கொண்டுபோய், பதினைந்தாம் நாள் தப்ரபேனில், அதாவது இலங்கையில், ஒதுக்கிவிட்டது. ஆறு மாதம் அரசரின் விருந்தாளியாக இருந்து பாஷை கற்றான். அவனிடமிருந்த டெனாரியஸ் காசுகளில் வெவ்வேறு ஆட்களின் தலை இருந்தும் எடை ஒன்றாக இருந்ததைப் பார்த்து அரசர் வியந்தார். நான்கு தூதரை அனுப்பினார்.

முதல் பிசகு இங்கேதான் காத்திருக்கிறது. அப்போது ஒரு ரோம இறாத்தல் வெள்ளிக்கு 84 காசு; ஒன்று ஏறக்குறைய 3.9 கிராம். 64இல் நீரோ அதை 96 காசாக்கினார், எடை 3.4 கிராமுக்கு இறங்கியது. கதையை நீரோவின் கடைசிக் காலத்துக்கு நகர்த்தினால் பழைய காசும் புதுக்காசும் தராசில் ஒத்துவராது, அரசர் வியக்கவும் மாட்டார். முன்னே நகர்த்த இடமுண்டு: எகிப்தின் கிழக்குப் பாலைவனத்தில் பிளோகாமஸின் ஆள் ஒருவன் கி.பி. 6இல் பாறையில் பெயர் பொறித்திருப்பதால், கப்பல் அடித்துச் செல்லப்பட்டது ஒகஸ்டஸ் காலத்திலேயே இருக்கலாம் என்போரும் உண்டு.

அடுத்தது பருவக்காற்று. நினைத்த மாதத்தில் கப்பல் ஏற்றாதீர்கள். மேற்கே போக வடகீழ்ப் பருவம் வேண்டும். கேரளக் கரையில் இருந்த முசிறித் துறையிலிருந்து டிசம்பர் வாக்கில் புறப்பாடு. செங்கடலில் பெரெனிக்கே துறையில் இறங்கினால் நைல் கரை ஊரான கொப்டோஸுக்கு ஒட்டகத்தில் 12 நாள், வெயிலுக்குப் பயந்து பெரும்பாலும் இராப் பயணம். பிறகு நைல் வழியே அலெக்சாந்திரியா. மத்தியதரைக் கடலில் நவம்பர் 11 முதல் மார்ச் 10 வரை கடலோட்டம் நின்றுவிடும். சீக்கிரம் வந்துவிட்ட தூதர்களைத் துறைமுகத்தில் காக்க வையுங்கள்; உரையாடலுக்கு நல்ல இடம்.

அரசவைக் காட்சிக்கு ஆண்டைத் தெளிவாகத் தேர்ந்தெடுங்கள். 48 வரை மனைவி மெசலினா. 49 முதல் அக்ரிப்பினா. 51இல் பிரித்தானியத் தலைவன் கரட்டக்கஸைச் சிறைபிடித்துக் கொண்டுவந்தபோது அக்ரிப்பினா தனி மேடையில் அமர்ந்து வணக்கம் பெற்றதாக ரோம வரலாற்றாசிரியர் டாசிட்டஸ் எழுதுகிறார். உங்கள் தூதர் அதற்குப் பின் வந்தால் அந்தத் தனி மேடையை அப்படியே எடுத்துக்கொள்ளலாம்.

விருந்தில் தக்காளி, உருளைக்கிழங்கு, மிளகாய் கூடவே கூடாது. மூன்றும் அமெரிக்காவிலிருந்து பிற்காலத்தில் வந்தவை. மிளகு தாராளம். பிளினி தரும் விலை ரோம இறாத்தலுக்கு 4 டெனாரியஸ். படைவீரனின் ஆண்டுச் சம்பளம் 225. அவன் ஒரு வருட உழைப்பை அப்படியே கொட்டினாலும் நம் கணக்கில் 18 கிலோதான் கிடைக்கும். மாத்தளைக்காரருக்கு இதற்குமேல் விளக்கம் எதற்கு? தூதர் ஊர் நினைவில் மலைநாட்டைப் பற்றிப் பேசினால் காட்டைப் பேசட்டும். தேயிலைத் தோட்டம் லூல்கந்துரவில் தொடங்கியது 1867இல்.

கே: ரோம் எரிந்தபோது நீரோ பிடில் வாசித்தானா? (தலவாக்கலை வாசகர்)

ப: பிடில் பிறக்க இன்னும் பதினாலு நூற்றாண்டுக்கு மேல் இருந்தது. நீரோ மீட்டியது கித்தாரா என்ற யாழ்வகை. 64 ஜூலையில் தீ மூண்டபோது அவர் ஊரிலேயே இல்லை, அன்டியத்தில் இருந்தார். திரும்பிவந்து வீடிழந்தோருக்குத் தம் தோட்டங்களைத் திறந்துவிட்டதாக டாசிட்டஸே எழுதுகிறார். ட்ரோய் நகர் எரிந்ததைப் பாடியது எங்கே என்பதில் சாட்சிகள் ஒத்துப்போகவில்லை. டாசிட்டஸ் வீட்டு மேடை என்று, அதையும் வதந்தியாகச் சொல்கிறார். பேரரசர்களின் வாழ்க்கை வரலாறு எழுதிய சுவெட்டோனியஸ், மெசீனஸ் கோபுரம் என்கிறார். இன்னொரு வரலாற்றாசிரியர் டியோ அரண்மனைக் கூரையில் ஏற்றிவிடுகிறார். தீயின்போது டாசிட்டஸ் சிறுபிள்ளை. மற்ற இருவரும் பிறக்கவேயில்லை. இன்னொன்று: நீரோ கதையில் கொலோசியம் வந்தால் புத்தகத்தைச் சந்தேகத்தோடு வாசியுங்கள். அது திறக்கப்பட்டது 80இல். நீரோ செத்துப் பன்னிரண்டு வருடம் கழித்து.

கே: உயர்தரத்துக்குக் கிரேக்க உரோம நாகரிகம் படிக்கிறேன். நாவலில் படித்ததை விடைத்தாளில் எழுதலாமா? (பண்டாரவளை மாணவி)

ப: நேரடியாக எழுதவேண்டாம் மகள். லிவியா அத்திப்பழத்தில் நஞ்சு தடவி ஒகஸ்டஸைக் கொன்ற காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். டாசிட்டஸ் சிலர் சந்தேகித்தார்கள் என்று மட்டும் சொல்கிறார். அத்திப்பழம் டியோவில் வருகிறது. கிரேவ்ஸ் அதை நடந்ததாகவே ஆக்கிவிட்டார். நாவலாசிரியருக்கு அந்த உரிமை உண்டு, பரீட்சை எழுதுபவருக்கு இல்லை.

ஓர் அத்தியாயம் முடிந்ததும் அதே பேரரசரைப் பற்றிய சுவெட்டோனியஸ் பகுதியைப் புரட்டுங்கள். அவரிடம் இருக்கும் சம்பவத்துக்கு நாவல் ஓரத்தில் பென்சிலால் 'சு', டாசிட்டஸில் இருந்தால் 'டா'. எதுவும் இல்லாததை விடையில் சேர்க்காதீர்கள். கலிகுலாவுக்கு மட்டும் 'டா' விழாது. அவருடைய நாலு வருட ஆட்சியைச் சொன்ன டாசிட்டஸின் ஏடுகள் முழுதாகத் தொலைந்துவிட்டன. அதனால்தான் கலிகுலா தன் குதிரையைக் கொன்சல் என்ற உயர்பதவியில் வைத்தான் என்ற கதையில் கவனம் வேண்டும். அதைக் கொன்சலாக்க எண்ணியிருந்ததாகச் சொல்லப்படுகிறது என்பதோடு சுவெட்டோனியஸ் நிறுத்திக்கொள்கிறார். அப்படியே எழுதினால் சரி; ஆக்கினான் என்று எழுதினால் பிழை.