பில்பாவோவுக்கு மகளை அனுப்பலாமா?

கேள்வி: என் மகளுக்கு ஸ்பெயினின் பில்பாவோவில் முதுகலை படிக்க இடம் கிடைத்திருக்கிறது. அது ஈ.டி.ஏ. தீவிரவாதிகளின் பகுதி என்று உறவினர்கள் பயமுறுத்துகிறார்கள். ஏஜென்ட், 'கலவரப் பகுதிக் காப்பீடு' என்று தனியாகப் பணம் கேட்கிறார். என்ன செய்வது?

பதில்: தைரியமாக அனுப்புங்கள். பில்பாவோ இருக்கும் பாஸ்க் பகுதிக்குத் தனிநாடு கேட்டு ஆயுதம் ஏந்திய அந்த இயக்கம் இன்று இல்லை. 2011 அக்டோபரில் ஆயுதப் போராட்டத்தைக் கைவிட்டது, 2017-ல் ஆயுதங்களை ஒப்படைத்தது, 2018 மே மாதம் தன்னைத்தானே கலைத்துக்கொண்டது.

உங்கள் உறவினர்களைக் குறை சொல்ல மாட்டேன். ஒரு தலைமுறை அந்தப் பெயரைச் செய்தியில் கேட்டே வளர்ந்தது. ஸ்பெயினை ஆண்ட பிராங்கோவின் சர்வாதிகாரம் பாஸ்க் மொழியை நசுக்கிய காலத்தில், 1959-ல் இளைஞர்கள் தொடங்கிய இயக்கம் அது. 1973 டிசம்பரில் பிரதமர் கரேரோ பிளாங்கோவைக் கொன்றார்கள். மாட்ரிட் தெரு ஒன்றில் அடித்தள அறையை வாடகைக்கு எடுத்து, 'நாங்கள் சிற்பிகள்' என்று சொல்லிக்கொண்டு, தெருவுக்கு அடியில் சுரங்கம் தோண்டினார்கள். அதில் வைத்த குண்டு வெடித்த வேகத்தில் அவர் கார் ஒரு கட்டடத்தையே தாண்டிப் போய் விழுந்தது.

சர்வாதிகாரத்தை எதிர்த்தார்கள் என்று மட்டும் சொல்லி நிறுத்துகிறவர்களை நம்பாதீர்கள். கொல்லப்பட்ட 850-க்கும் மேற்பட்டவர்களில் மிகப் பெரும்பாலோர் பிராங்கோ இறந்த பிறகு, ஜனநாயகம் வந்த பிறகு பலியானவர்கள். 1997-ல் எர்முவா ஊர்க் கவுன்சிலர் மிகேல் ஆங்கேல் பிளாங்கோவைக் கடத்தி, 48 மணி நேரக் கெடு வைத்துச் சுட்டார்கள். அவருக்கு வயது 29. பாஸ்க் மக்களே திரண்டு வந்து 'போதும்' என்றார்கள். 300-க்கும் மேற்பட்ட கொலைகளில் குற்றவாளி யார் என்பது இன்னும் தீரவில்லை. அந்தக் குடும்பங்களை நினைத்தால் கோபம்தான் வருகிறது.

ஏஜென்டுக்கு ஒரு பைசா தராதீர்கள். மாணவர் விசாவுக்கு வேண்டியது மருத்துவக் காப்பீடு. கலவரப் பகுதிக் காப்பீடு என்று எந்த விதியும் கேட்கவில்லை. 'விதியை எழுத்தில் காட்டுங்கள்' என்று கேளுங்கள், பேச்சை மாற்றுவார். விசா விதிகளைச் சாதாரண மனிதருக்குப் புரிகிற மாதிரி எழுதி வைக்காத அமைப்புதான் இவர்களுக்குச் சோறு போடுகிறது. கல்லூரிக் கட்டணத்தையும் ஏஜென்ட் கணக்கில் கட்டாதீர்கள், நேராகப் பல்கலைக்கழகத்துக்கே அனுப்புங்கள்.

ஒரே ஒரு விஷயத்தில் மகள் கவனமாக இருக்க வேண்டும். கோடரியைச் சுற்றிய பாம்புதான் அந்த இயக்கத்தின் சின்னம். வேடிக்கைக்காகக் கூட அதைப் பனியனில் போடக் கூடாது, சமூக ஊடகத்தில் பகிரக் கூடாது. பயங்கரவாதத்தைப் புகழ்வதும், பலியானவர்களை இழிவுபடுத்துவதும் ஸ்பெயினில் குற்றம். ஒன்று முதல் மூன்று ஆண்டு வரை சிறை. 'தெரியாமல் செய்தேன்' என்று வெளிநாட்டு மாணவி போலீஸிடம் போய் விளக்கிக்கொண்டிருக்கும் நிலை வரவே கூடாது. சிவப்பு, பச்சை, வெள்ளையில் இருக்கும் பாஸ்க் கொடி வேறு. அது அரசு அலுவலகத்திலேயே பறக்கும், அதற்குத் தடை இல்லை. இரண்டையும் குழப்பிக்கொள்ள வேண்டாம்.

சிறையில் இருக்கும் அந்த இயக்கத்தினரை ஊருக்குக் கொண்டுவரக் கேட்கும் பதாகைகளைப் பழைய நகரப் பகுதியில் பார்க்கலாம். பார்த்துப் பயப்பட வேண்டாம். ஆனால் புதிதாகப் பழகியவர்களிடம் 'நீங்கள் எந்தப் பக்கம்?' என்று மட்டும் கேட்க வேண்டாம் என்று மகளிடம் சொல்லி அனுப்புங்கள். கொல்லப்பட்டவரின் வீடும் சிறையில் இருப்பவரின் வீடும் அங்கே ஒரே தெருவில் இருக்கும்.